வண்டி என் கையில் நின்ற நாள்

வண்டி நடுவழியில் நின்றுபோனதற்காகச் சந்தோஷத்தில் கத்தியவள் இந்த வட்டாரத்தில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். திருவாலங்காட்டிலிருந்து திருத்தணிக்கு வரும் சாலை, பங்குனி வெயில். ஆலையில் கரும்பை இறக்கிவிட்டு வந்த டிராக்டர் ஒன்று முன்னால் ஆடி ஆடிப் போய்க்கொண்டிருந்தது. முந்தலாமா என்று எட்டிப் பார்த்தபோதுதான் தெரிந்தது, நான் எவ்வளவு மிதித்தும் வண்டிக்கு வேகம் வரவில்லை என்று. விக்கல் எடுத்ததுபோல் ஒருமுறை குலுங்கியது. இன்ஜின் சத்தம் அடங்கி, டயர் உருளும் ஓசை மட்டும் கேட்டது. உருண்ட வேகத்திலேயே ஓரத்தில் ஒரு புளியமரத்தடிக்குக் கொண்டுவந்து நிறுத்தினேன். பக்கத்தில் இருந்தவரின் தோளைப் பிடித்து உலுக்கினேன்.

"பாவா! என் கையிலயும் நின்னுச்சு பாவா!"

பாவா என்றால் என் அக்காவின் கணவர். ஆந்திர எல்லையை ஒட்டிய எங்கள் ஊர்களில் தமிழ் பேசும் வீடுகளிலும் அக்கா புருஷன் பாவாதான், அப்பா நைனாதான். பொதட்டூர்பேட்டையில் அவருக்குச் சொந்தமாக விசைத்தறிகள் உண்டு. வீட்டின் பின்பாதி முழுக்கத் தறி, முன்பாதியில் குடித்தனம். அக்காவுக்குக் கல்யாணமானபோது நான் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தேன். எங்கள் ஊரில் அதற்குமேல் வகுப்பு இல்லாததால் அவர்கள் வீட்டில் வந்து தங்கினேன். நர்சிங் முடித்து அரக்கோணத்தில் ஒரு மருத்துவமனையில் வேலைக்குச் சேரும்வரை அங்கேதான் இருந்தேன். தறிச் சத்தத்துக்கு மேலே பேசிப் பழகியதாலோ என்னவோ, பாவாவுக்கு மெதுவாகப் பேசவே வராது. சாப்பாட்டுக்குக் கூப்பிட்டாலும் தெருமுனைவரை கேட்கும். யாராவது கதை சொன்னால் முடிக்கவிடமாட்டார். அடுத்து என்ன நடந்திருக்கும் என்று அவரே சொல்லிவிட்டு அவரே சிரிப்பார்.

அந்தக் கார் அவர் பழையதாக வாங்கிய பெட்ரோல் வண்டி. லுங்கிக் கட்டுகளைத் திருத்தணியில் கொண்டுபோய்ப் போடுவதற்கென்று சொல்லித்தான் வாங்கினார். ஆனால் தெருவில் யாருக்குப் பிரசவ வலி வந்தாலும், யார் வீட்டுப் பிள்ளைக்கு மலைமேல் மொட்டை போட வேண்டியிருந்தாலும் அந்த வண்டிதான் போகும். ஓட்டுவது பாவாதான். வண்டியை இரவல் தரமாட்டார். கூடவே தன்னையும் சேர்த்துத்தான் தருவார்.

அவருக்கு நோய் வந்தது தறி முன்னால் நின்றிருந்தபோது. அறுந்த இழையை முடியப் போனவருக்கு வலது கை சொன்னபடி கேட்கவில்லை. பக்கத்துத் தறியில் இருந்தவரைக் கூப்பிட்டிருக்கிறார். வாயிலிருந்து வந்தது பேச்சாக இல்லை. நல்லவேளை, அந்த மனிதர் தாமதிக்காமல் கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டார். பக்கவாதத்தில் மீண்டவர்களையும் மீளாதவர்களையும் தினம் பார்க்கிறவள் நான். பாவா பிழைத்ததை மட்டுமல்ல, எழுந்து நடந்ததையும் நான் சாதாரணமாக எடுத்துக்கொள்ளவில்லை. காலில் முழு பலம் வந்துவிட்டது. கையிலும் முக்கால்வாசி வந்தது. பேச்சுதான் கடைசியாக வந்தது. வந்தபோது மெதுவாக வந்தது. சில வார்த்தைகள் வாசல்வரை வந்து நின்றுகொள்ளும். அவர் கையை விரித்துக் காத்திருப்பார். எதிரில் இருப்பவர்கள் பொறுக்காமல் அந்த வார்த்தையை எடுத்துக் கொடுத்துவிட்டால் முகம் சுருங்கிவிடும். அடுத்தவர் கதையை முடித்துவைத்தவருக்குத் தன் வாக்கியத்தை இன்னொருவர் முடிப்பது பிடிக்கவில்லை.

கண்ணையும் காலையும் சோதித்துவிட்டு மருத்துவர் வண்டி ஓட்டலாம் என்று சொன்ன அன்றைக்கு அக்கா தெருவுக்கே கேசரி கிளறினாள். ஆனால் அந்தச் சந்தோஷம் நெடுநாள் நிற்கவில்லை. முதலில் திருத்தணி ரயில்வே மேம்பாலத்தில் ஏறும்போது வண்டி நின்றது. பின்னால் பேருந்து, அதற்குப் பின்னால் லாரி, எல்லோரும் ஆரன் அடிக்க, பாவா ஸ்டியரிங்கைப் பிடித்தபடி உறைந்துபோய்விட்டார். நாலு பேர் தள்ளி ஓரம் கட்டினார்கள். கொஞ்சநேரம் கழித்து யாரோ ஒருவர் ஏறிச் சாவியைத் திருப்பியதும் வண்டி ஒன்றும் நடக்காததுபோல் கிளம்பியது. "வண்டில ஒண்ணும் இல்லியே பெரியவரே" என்று அவர் சொல்லிவிட்டுப் போனாராம். பிறகு ஆர்.கே.பேட்டை போகும் வழியில் ஒருமுறை. மறுபடி மேம்பாலத்துக்குக் கீழே ஒருமுறை. ஒவ்வொரு முறையும் சற்றுநேரத்தில் தானாகவே சரியாகிவிடும்.

மெக்கானிக்கிடம் விட்டார்கள். காலையில் எடுத்து ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்துவிட்டு, பிளக்கை மாற்றினார், பெட்ரோல் ஃபில்டரை மாற்றினார், குறை ஒன்றும் தெரியவில்லை என்றார். அக்கா மகன் ஸ்ரீபெரும்புதூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை பார்க்கிறான். ஞாயிறுதோறும் வருபவன் மாலையில் வண்டியை எடுத்து ஓட்டிப் பார்த்தான். பட்டுப்போல் ஓடியது. நான் லீவில் வரும்போது கடைத்தெருவரை எடுத்துப் போவேன். எனக்கும் நிற்கவில்லை. பாவா ஓட்டினால் மட்டும் நின்றது.

"நைனா, ஸ்லோ பண்ணும்போது கிளட்ச் மிதிக்க மறந்துட்ற நீ. அதான் ஆஃப் ஆவுது" என்றான் மகன். அவன் வேண்டுமென்று சொல்லவில்லை. வேறு எதைச் சொல்வது என்று எங்கள் யாருக்கும் தெரியவில்லை. ஓடிக்கொண்டிருக்கும்போதே நின்றது என்று பாவா முதலில் சொல்லிப் பார்த்தார். பிறகு அதையும் சொல்லவில்லை. ஒருநாள் சாப்பிட்டுக் கைகழுவிவிட்டு வந்தவர் சாவியை மகன் முன்னால் வைத்துவிட்டுத் தறிப்பக்கம் போய்விட்டார். அதன் பிறகு அவர் தனியாகச் சாலையைக் கடப்பதற்குக்கூடத் தயங்க ஆரம்பித்தார். கேஸ் அடுப்பை அணைத்தோமா என்று எழுந்துபோய்ப் பார்ப்பார். வந்து உட்கார்ந்து, மறுபடி போய்ப் பார்ப்பார். நோய் அவரிடமிருந்து எடுத்துக்கொள்ளாமல் விட்டுவைத்த தைரியத்தை அந்த வண்டி எடுத்துக்கொண்டது.

வண்டியை விற்றுவிடலாம் என்று முடிவானது. திருத்தணியில் பழைய கார் வாங்கி விற்கிற ஒருவர் பார்க்கிறேன் என்றார். அன்றைக்குத் திருவாலங்காட்டில் சொந்தக்காரர் வீட்டில் காதுகுத்து. காலையில் அங்கே போய்விட்டு, திரும்பும் வழியில் வண்டியைக் காட்டிவிடுவது என்று ஏற்பாடு. மகனுக்கு ஷிஃப்ட். அதனால் நான் ஓட்டினேன். பாவா முன்சீட்டில், அக்கா பின்சீட்டில். விருந்து முடியும்வரை வண்டி நிழலில்லாத இடத்தில் வெயிலில் கிடந்தது. கிளம்பினால் வழியெல்லாம் சர்க்கரை ஆலையிலிருந்து திரும்பும் கரும்பு வண்டிகள். ஊர்ந்து ஊர்ந்து வந்தோம். அந்த டிராக்டருக்குப் பின்னால்தான் வண்டி நின்றது.

நான் கத்தியதும் அக்கா பின்னாலிருந்து, "இன்னாடி, வண்டி நின்னா கூத்தாடற? அந்த ஆளு காத்துகினு இருப்பாரே" என்றாள். சொல்லி முடிக்கும்போதே அவளுக்கும் புரிந்துவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டாள்.

பாவா என்னைப் பார்க்கவில்லை. என் காலைப் பார்த்தார்.

"கிளட்ச்... மிதிச்சியா பாப்பா?"

"மிதிக்கற மாதிரி எதுவுமே நடக்கல பாவா. மூணாவது கியர்ல ஓடிகினு இருந்துச்சு. ஓடிகினு இருக்கும்போதே நின்னுச்சு."

"நெஜமா?"

"மலைமேல இருக்கறவர் மேல சத்தியமா."

வெளியே டிராக்டர்கள் கடந்துபோயின. பாவா தன் வலது கையைத் தூக்கி, விரல்களை விரித்து மூடி, ஏதோ அடுத்தவர் கையைப் பார்ப்பதுபோல் பார்த்தார். "அப்போ இது இல்ல" என்றார். அவ்வளவுதான். கதவைத் திறந்துகொண்டு இறங்கினார்.

அதற்குப் பிறகு நான் பார்த்தது நோய்க்கு முந்தைய மனிதரை. அவர் வீட்டில் தறி நின்றுபோனால் முதலில் நூலைப் பார்க்கமாட்டார். மோட்டாருக்குக் கரண்ட் வருகிறதா, ஸ்டார்ட்டர் பெட்டி தட்டுகிறதா என்றுதான் பார்ப்பார். இங்கேயும் அப்படியே ஆரம்பித்தார். ஸ்டார்ட் செய்யாமல் சாவியை மட்டும் திருப்பச் சொன்னார். பெட்ரோல் முள் பாதியில் நின்றது. ஸ்டார்ட் செய்யச் சொன்னார். இன்ஜின் கிர்ரென்று சுற்றியது, பற்றவில்லை. பேட்டரி நன்றாக இருக்கிறது, பெட்ரோல்தான் இன்ஜினுக்குப் போகவில்லை என்பது எனக்கே விளங்கியது. பின்பக்கத்துக்கு வந்து அக்காவிடம் குனிந்தார்.

"சீட்டு மேல காத வை. சாவி போட்டா... உய்ங்னு கேக்கும். கேக்குதா சொல்லு."

பெட்ரோல் டேங்க்குக்குள் இருக்கும் பம்ப் சாவி போட்டதும் ஓரிரு நொடி ஓடி நிற்கும். அந்தச் சத்தம் பின்சீட்டுக்கு அடியில் மெலிதாகக் கேட்கும். பட்டுப்புடவையோடு அக்கா சீட்டில் கவிழ்ந்து காதை வைத்தாள். அந்த நேரம் பார்த்து ஒரு டிராக்டர் பாட்டை அலறவிட்டுக்கொண்டு வந்தது. அது போகும்வரை மூவரும் காத்திருந்தோம். நான் சாவியைத் திருப்பினேன்.

"ஒண்ணும் கேக்கலங்க."

மறுபடி திருப்பினேன். "இல்லங்க. கம்னு கீது."

பானெட்டைத் திறந்ததும் அனல் முகத்தில் அடித்தது. ஓரத்தில் ஃபியூஸ்கள் இருக்கும் கறுப்புப் பெட்டியின் மூடியைக் கழற்றினார். எது எதற்கு என்று மூடியின் உட்புறத்தில் படம் போட்டிருந்தது. பம்ப்புக்கான ஃபியூஸை எடுத்து வெயிலில் பிடித்துப் பார்த்தார். உள்ளே கம்பி அறுபடாமல் இருந்தது. அதை அதன் இடத்தில் செருகிவிட்டு, பக்கத்தில் தீப்பெட்டியைவிடச் சிறிதாக இருந்த ஒரு கறுப்புக் கட்டையின்மேல் விரலை வைத்தார்.

"இது வந்து... பம்புக்கு... இது..." கையை விரித்தார். வார்த்தை வரவில்லை. என் நாக்கு நுனியிலும் அந்த வார்த்தை இல்லை. தெரிந்திருந்தாலும் சொல்லியிருக்கமாட்டேன். "ஸ்டார்ட்டர் பொட்டி மாதிரி" என்று சுற்றிவளைத்துச் சொன்னார். "சாவி போட்டா இது தட்டும். தட்டினாத்தான் பம்புக்கு கரண்ட்டு போவும்."

சாவியைத் திருப்பினேன். தட்டவில்லை. அவர் என்னை முன்னால் கூப்பிட்டு, என் விரலைப் பிடித்து அதன்மேல் வைத்து, அக்காவைச் சாவி திருப்பச் சொன்னார். வாழ்நாளில் சாவியைத் தொட்டிராத அக்கா பயந்து பயந்து திருப்பினாள். என் விரலுக்கு அடியில் சூடு இருந்தது. துடிப்பு இல்லை. ஆயிரம் பேரின் மணிக்கட்டில் நாடி பார்த்த விரல் அது.

அதே பெட்டியில், அதே அளவில் இன்னொரு கட்டை இருந்தது. மூடியில் அதற்கு நேராக ஆரன் படம். பாவா அதைச் சுட்டிக்காட்டிவிட்டு வலது கையால் பிடுங்கப் பார்த்தார். பிடி நிற்கவில்லை. இடது கையாலும் வரவில்லை. முன்பெல்லாம் இப்படி ஏதாவது நேர்ந்தால் விட்டுவிட்டுப் போய் உட்கார்ந்துவிடுவார். அன்றைக்குத் தோளில் கிடந்த துண்டை எடுத்து என்னிடம் நீட்டினார். "நீ இழு பாப்பா. சுடும்." துண்டைச் சுற்றி இரண்டையும் அசைத்து அசைத்துப் பிடுங்கினேன். அவர் இடம் மாற்றிப் பொருத்தினார். ஆரனுக்கு இருந்தது பம்ப்புக்கு, பம்ப்புக்கு இருந்தது ஆரனுக்கு.

நான் சாவியைத் திருப்புவதற்குள் அக்கா சீட்டில் கவிழ்ந்திருந்தாள். டிக்கென்று முன்னால் ஒரு தட்டல். அதற்கு மேலே அவள் குரல்: "கேக்குது! ஏங்க, கேக்குதுங்க! உய்ங்ங்குது!"

ஒரே திருப்பில் இன்ஜின் பற்றியது. பாவா சிரிக்கவில்லை. இன்னும் ஒன்று பாக்கி இருந்தது. "ஆரன அடி" என்றார். அழுத்தினேன். சத்தம் வரவில்லை. காலையிலிருந்து வழியெல்லாம் அலறிய ஆரன் அது. பழுது அந்தக் கட்டையோடு சேர்ந்து பம்ப்பைவிட்டு ஆரனுக்குப் போய்விட்டது. இனிச் சந்தேகப்பட ஒன்றுமில்லை. பாவா பானெட்டை இறக்கிச் சாத்தி, அதன்மேல் இரண்டு கையையும் ஊன்றித் தலைகுனிந்து நின்றார். தோள்கள் குலுங்கின. அக்கா இறங்கிப்போய்ப் பக்கத்தில் நின்றுகொண்டாள்.

கொஞ்சநேரம் கழித்து முகத்தைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தவர், "என் காலத்தான் பாத்துகினு இருந்தேன் இத்தினி நாளும்" என்றார். தடுமாறாமல், ஒரே மூச்சில் சொன்னார். "வண்டிய பாக்கவே இல்ல."

அன்று கிருத்திகை. திருத்தணிக்குள் நுழைந்தால் சாலை முழுக்கக் காவடியும், சந்தனம் பூசிய மொட்டைத் தலைகளும், ஆந்திரப் பக்கத்திலிருந்து வந்த கூட்டமும். எங்களிடம் ஆரன் இல்லை. நான் வண்டியை உருட்டுவதுபோல் ஓட்டினேன். பாவா ஜன்னல் வழியாகப் பாதி உடம்பை வெளியே நீட்டி, தறிச் சத்தத்துக்கு மேலே பேசிய அந்தப் பழைய குரலில் கூவினார். "ஓரம் சாமி, ஓரம்! வண்டில ஆரன் இல்ல சாமி!" பின்னால் அக்கா தன் பக்கத்து ஜன்னலில், "ஜருகண்டி, ஜருகண்டி" என்று தெலுங்குக்காரர்களை விலக்கினாள். காவடிக்காரர் ஒருவர் திரும்பிப் பார்த்து "அரோகரா!" என்று எங்களுக்கும் சேர்த்துக் குரல் கொடுக்க, பாவாவும் "அரோகரா!" என்றார். நடுச்சாலையில் சட்டென்று உள்ளே திரும்பி என் கையைப் பிடித்தார்.

"ரிலே!" என்றார். "ரிலே, பாப்பா! அதுக்குப் பேரு ரிலே!"

நான் சிரித்தேனா அழுதேனா என்று இப்போது நினைவில்லை. வண்டியை யார்மேலும் இடிக்காமல் ஓட்டினேன் என்பது மட்டும் தெரியும்.

உதிரிபாகக் கடையில் அவரே இறங்கி, அந்த வார்த்தையை அவரே சொல்லிக் கேட்டு, அதே அளவில் புதிய ரிலே வாங்கினார். உபரியாக இன்னொன்றும் வாங்கிக்கொண்டார். கடை வாசலிலேயே அதை மாட்டியதும் ஆரன் முழங்கியது. வேறு யாராவதாக இருந்தால் பெட்ரோல் பம்ப்பையே மாற்றிச் செலவு செய்திருப்பார்கள் என்றார் கடைக்காரர். அங்கிருந்து போனால், வண்டியை வாங்கக் காத்திருந்தவர் வெயிலில் நெடுநேரம் நின்ற எரிச்சலில் இருந்தார். பாவா அவரிடம் நடந்ததையெல்லாம் நிதானமாகச் சொன்னார். சில இடங்களில் வார்த்தைக்காக நின்றார். அந்த மனிதர் எடுத்துக் கொடுக்கவில்லை, அவசரப்படவும் இல்லை.

"அதான் ரிப்பேர் சரியாயிட்சே. இனிமே குடுக்கறதுக்கு இன்னாங்க?" என்றார் கடைசியில்.

"சரியாயிட்சு. அதாங்க குடுக்கல" என்றார் பாவா.

அவர் சிரித்தேவிட்டார். டீ வாங்கிக் கொடுத்துத்தான் அனுப்பினார்.

ஞாயிற்றுக்கிழமை மகன் வந்தபோது பழைய ரிலேயின் மூடியைப் பாவா கழற்றி வைத்திருந்தார். உள்ளே கால் ஒன்றைப் பற்றவைத்திருந்த ஈயத்தில் மயிரிழை போல ஒரு விரிசல். சூடேறினால் விரிந்து தொடர்பு அறும், ஆறினால் ஒட்டிக்கொள்ளும். மெக்கானிக் பார்த்தது காலைக் குளிரில், மகன் ஓட்டியது மாலையில், நான் ஓட்டியது கடைத்தெருவரை. லுங்கிக் கட்டோடு உச்சிவெயிலில் போய் வந்தவர் பாவா மட்டும்தான். மகன் அதைச் செல்போனில் பெரிதாக்கிப் பார்த்தான். தலை நிமிரவே இல்லை. "நைனா, நான்தான்..." என்று ஆரம்பித்தான்.

"உட்றா. நானே அப்டித்தான் நெனச்சேன்" என்றார் பாவா. மகன் சுவரில் மாட்டியிருந்த சாவியை எடுத்து அவர் கையில் வைத்தான்.

எல்லாமே ரிலே என்று சொல்லிவிட முடியாது. பாவாவுக்கு இன்றும் சில பெயர்கள் வருவதில்லை. என்னை அக்கா பெயரால் கூப்பிடுகிறார். களைத்துப்போனால் கை நடுங்குகிறது. மருத்துவர் சொன்ன எல்லைக்குள்தான் ஓட்டுகிறார், இருட்டினால் எடுப்பதில்லை. ஆனால் அடுப்பை எழுந்துபோய்ப் பார்ப்பது நின்றுவிட்டது. ஒன்று தவறினால் முதலில் அவர் முகத்தைப் பார்க்கும் பழக்கம் எங்களையும் விட்டுப் போனது.

போன மாதம் அவரை மருத்துவமனைக்குப் பரிசோதனைக்கு அழைத்துப் போனோம். அழைத்துப் போனோம் என்கிறேன், ஓட்டியது அவர். அக்கா முன்சீட்டில், நான் பின்னால். கரும்புக் காடு முடிந்து நெல்வயல் தொடங்கும் இடத்தில் வண்டிக்குள் பேச்சு நின்றிருந்ததைக் கவனித்தேன். எட்டிப் பார்த்தால் அக்கா தலையைச் சாய்த்து, வாய் லேசாகத் திறந்திருக்க, அயர்ந்து தூங்கிக்கொண்டிருந்தாள். நோய் வந்த நாளிலிருந்து அவர் ஓட்டும் வண்டியில் அவள் கண்ணை மூடியதே இல்லை. அவர் காலையும் சாலையையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டே வருவாள். பாவாவும் கவனித்துவிட்டார். பாட்டின் சத்தத்தைக் குறைத்தார். அவள் முகத்தில் வெயில் படாமல் முன்தட்டியை இறக்கிவிட்டார். கண்ணாடியில் என்னைப் பார்த்து, உதட்டின்மேல் விரலை வைத்தார்.

நானும் பின்னால் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டேன்.